சின்னப் படத்துக்கு ஆர்.ஆர்.: ஐந்து வழி, ஐந்து வாரம்

போன மாதம் ஒரு தம்பி போன் செய்தார். அவருக்கு முதல் படம். தூத்துக்குடி உப்பளத்தில் நடக்கிற கதை, 95 நிமிடம். எடிட் முடிந்துவிட்டது. ஆர்.ஆர்., அதாவது பின்னணி இசை, இன்னும் போடவில்லை. வெளிநாட்டுத் திரைப்பட விழா ஒன்றுக்கு அனுப்ப ஐந்து வாரம்தான் இருக்கிறது. “அண்ணே, ஆர்.ஆருக்கு என்ன பண்ணலாம்? கையில இவ்வளவுதான் இருக்கு” என்று ஒரு தொகையைச் சொன்னார். அதை இங்கே எழுதினால் வருத்தப்படுவார். கேமரா வாடகை, யூனிட் சாப்பாடு, டப்பிங், கலர் எல்லாம் போக மிஞ்சிய சில்லறை என்று வைத்துக்கொள்ளுங்கள். சின்னப் படங்களில் இசைக்கென்று யாரும் பணம் ஒதுக்குவதில்லை. மிஞ்சினால் இசைக்கு.

அவரிடம் ஆளாளுக்கு ஒன்று சொல்லியிருந்தார்கள். இசையே வேண்டாம், விழாவில் அதைத்தான் மதிப்பார்கள் என்று ஒருவர். நெட்டில் ரெடிமேட் இசை கிடைக்கிறது, மாதச் சந்தா கட்டினால் போதும் என்று இன்னொருவர். ஒரு பையனைப் பிடித்து லேப்டாப்பிலேயே மொத்தத்தையும் முடித்துவிடு என்று எடிட்டர். ரெண்டு மூணு பேரையாவது உட்காரவைத்து வாசிக்கவிடுங்க சார் என்று சவுண்ட் இன்ஜினியர். ஏஐயிடம் கேட்டால் பத்து நிமிடத்தில் கொடுத்துவிடும் என்று தயாரிப்பாளரின் மைத்துனர்.

நான் பல வருடம் கீபோர்டு புரோகிராமராக இருந்துவிட்டு, அப்புறம் நாலைந்து சின்னப் படங்களுக்கும் கொஞ்சம் குறும்படங்களுக்கும் இசையமைத்தவன். இந்த ஐந்தில் நான்கைச் செய்துபார்த்துக் கை சுட்டுக்கொண்டிருக்கிறேன். ஒவ்வொரு வழியிலும் வெளியே தெரிகிற செலவு ஒன்று, பின்னால் வந்து நிற்கிற செலவு வேறு. தம்பிக்குச் சொன்னதைக் கொஞ்சம் விரித்து எழுதுகிறேன்.

எந்த வழி என்பதற்கு முன்னால், எத்தனை நிமிடம் என்று கேட்டேன். அவருக்குத் தெரியவில்லை. எடிட்டர் தனக்குப் பிடித்த படங்களிலிருந்து இசையை எடுத்துத் தற்காலிகமாக ஒட்டியிருந்தார். டெம்ப் டிராக் என்போமே, அது. கூட்டிப்பார்த்தால் 52 நிமிடம் வந்தது. ஒருவர் தனியாக உட்கார்ந்து மெட்டுப் போட்டு, வாசித்து, மிக்ஸுக்கு (பேச்சு, சத்தம், இசை எல்லாவற்றையும் அளவாகச் சேர்க்கிற வேலை) அனுப்பும் நிலைக்குக் கொண்டுவருவதென்றால் ஒரு நாளைக்கு இரண்டு நிமிட இசை என்பது நல்ல வேகம். 52 நிமிடத்துக்கு 26 நாள். அதற்கு மேல் திருத்தம், அதற்கு மேல் மிக்ஸிங். ஐந்து வாரத்தில் முடியும், ஆனால் கடைசி இருபது நிமிட இசை எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். முதல் முப்பது நிமிடத்தைத் திருப்பிப் போட்டது போல இருக்கும்.

அதனால் ஒரு மாலை நேரம் இருவரும் உட்கார்ந்து, டெம்ப் டிராக்கை மியூட் செய்துவிட்டுப் படத்தைப் பார்த்தோம். ஒவ்வொரு இடத்திலும் நான் கேட்டது ஒன்றுதான்: நடிப்பும் காட்சியும் சொல்லாத எதை இங்கே இசை சொல்லப்போகிறது? பாதி இடங்களில் பதில் இல்லை. “எடிட்ல கொஞ்சம் தொய்வா இருந்துச்சுண்ணே, அதான்” என்றார் நேர்மையாக. தொய்வுக்கு மருந்து கத்திரி. இசையைப் பூசினால் தொய்வு இன்னும் நீளமாகத் தெரியும். இரவு பத்து மணிக்கு 52 நிமிடம் 23 ஆகியிருந்தது. இதற்கு ஆன செலவு இரண்டு டீ.

டெம்ப் டிராக்கைப் பற்றி ஒரு வார்த்தை. இயக்குநர்கள் அதை இரண்டு மாதம் கேட்டுக் கேட்டு அதன்மேல் காதலாகிவிடுகிறார்கள். பெரிய ஆட்களுக்கே நடந்திருக்கிறது. 1968இல் வந்த ‘2001: எ ஸ்பேஸ் ஒடிஸி’க்கு அலெக்ஸ் நார்த் இசையமைத்துக் கொடுத்தார். ஸ்டான்லி குப்ரிக் அதைத் தூக்கி வைத்துவிட்டு, எடிட்டின்போது தற்காலிகமாகப் போட்டிருந்த பழைய செவ்வியல் இசையையே வைத்துக்கொண்டார். குப்ரிக்குக்கு அது கட்டுப்படியானது. நம் தம்பியின் டெம்ப் டிராக்கில் இருந்த இசைக்கு உரிமை வாங்க உப்பளத்தையே விற்றாலும் போதாது.

சரி, இப்போது வழிகள்.

இசையே இல்லாமல்

பி.எஸ். வினோத்ராஜின் ‘கொட்டுக்காளி’ 2024இல் வந்தது. பெர்லின் விழாவில் திரையிடப்பட்ட படம். அதில் பின்னணி இசையே கிடையாது. ஷேர் ஆட்டோ, பைக், காற்று, ஆட்கள் பேச்சு, பேசாமல் இருக்கிற அந்தப் பெண். அவ்வளவுதான். படத்துக்கு அது பொருந்தியது. அதைப் பார்த்த பிறகு எனக்கு வருகிற போன்களில் “நாமளும் மியூசிக் இல்லாம போயிடலாமா” என்ற கேள்வி கூடிவிட்டது. பாதிப் பேர் கேட்பது கலைக்காக அல்ல, காசுக்காக.

இங்கேதான் ஏமாறுகிறார்கள். இசை இல்லாத படம் மலிவான படம் இல்லை. இசை, படத்தின் ஒலியில் இருக்கிற ஓட்டைகளை எல்லாம் மூடிக்கொண்டிருக்கிற ஜமுக்காளம். அதை உருவினால் எல்லாம் தெரியும். ஸ்பாட்டில் பதிவான ஒலி சுத்தமாக இருக்க வேண்டும். டப்பிங் பேச்சு வாயில் ஒட்டாமல் நின்றால் உடனே காதில் குத்தும். நடை, துணி உரசல், பாத்திரம் வைக்கிற சத்தம் எல்லாவற்றையும் ஃபோலியில், அதாவது ஸ்டூடியோவில் தனியாகச் சத்தம் எழுப்பிப் பதிவு செய்து, சேர்க்க வேண்டும். ஒவ்வொரு இடத்துக்கும் காலை, மதியம், இரவு என்று தனித்தனி ஆம்பியன்ஸ், அதாவது அந்த இடத்தின் சூழல் ஒலி, எடுத்து வைத்திருக்க வேண்டும். தம்பியின் படத்தில் உப்பளத்துக் காற்று மைக்கை அறைந்து, முக்கால்வாசிப் பேச்சை டப்பிங்கில்தான் எடுத்திருந்தார்கள். தனியாக ஆம்பியன்ஸ் எடுத்தீர்களா என்றேன். தண்ணீர் இறைக்கிற மோட்டார் சத்தம் மட்டும் ஐந்து நிமிடம் இருக்கிறது என்றார். ஆக, அவருக்கு இந்த வழி மூடியது. படப்பிடிப்புக்கு முன்பே முடிவு செய்து, இசைக்கான பணத்தை அப்படியே ஒலிக்கு மாற்றியிருந்தால் மட்டும் இந்த வழியில் போகலாம். எடிட் முடிந்த பிறகு எடுக்கிற முடிவு இல்லை இது.

ரெடிமேட் இசை

இதற்கு நம்மிடமே நல்ல முன்னுதாரணம் உண்டு. பாலு மகேந்திராவின் ‘வீடு’ 1988இல் வந்தது, பாட்டே இல்லாத படம். அதில் வருகிற இசை இளையராஜா 1986இல் வெளியிட்ட ‘ஹவ் டு நேம் இட்’ தொகுப்பிலிருந்து எடுத்துக்கொண்டது. படத்துக்காகப் போடாத இசை, படத்துக்காகவே போட்டது போல உட்கார்ந்தது. வீடு கட்டப் பணம் போதாமல் தவிக்கிற கதைக்கு, ஏற்கெனவே இருந்த இசையை எடுத்துக்கொண்டது கூட ஒரு பொருத்தம்தான். ஆனால் தொகுப்பைப் போட்டவரும் பாலு மகேந்திராவும் பல படங்களில் சேர்ந்து வேலை செய்தவர்கள். நமக்கு அப்படி யாரும் இல்லை. சந்தாத் தளம்தான் இருக்கிறது.

சந்தாத் தளங்களில் இசை மோசம் என்று சொல்ல மாட்டேன். சில நல்ல தரம். சிக்கல் வேறு. முதலாவது, “ராயல்டி ஃப்ரீ” என்றால் இலவசம் என்று பொருள் இல்லை, எங்கு வேண்டுமானாலும் போடலாம் என்றும் பொருள் இல்லை. சின்னச் சந்தாக்கள் பெரும்பாலும் இணையக் காணொளிக்குத்தான் அனுமதி கொடுக்கும். தியேட்டர், டிவி, ஓடிடி என்றால் தனி உரிமம், தனி விலை. இரண்டாவது, அதே இசையை உலகத்தில் யாரும் வாங்கலாம். நான் ஒரு குறும்படத்தில் அப்பா இறக்கிற காட்சிக்கு ஒரு பியானோ துண்டை வாங்கிப் போட்டேன். மூன்று மாதம் கழித்து நகைக்கடை விளம்பரம் ஒன்றில் அதே பியானோ. அட்சய திருதியைக்கு. போதாக்குறைக்கு, எங்கள் டிரெய்லரை ஒரு காணொளித் தளத்தில் ஏற்றியதும் உரிமைக் கோரிக்கை வந்தது. வேறு யாரோ அதே துண்டின் மேல் பாடிப் பதிவு செய்து தன் பெயரில் சேர்த்துவிட்டிருந்தார். ரசீதை அனுப்பி மீட்பதற்குள் டிரெய்லருக்கு இருந்த சூடு ஆறிவிட்டது.

கிரியேட்டிவ் காமன்ஸ் (போட்டவரே சில நிபந்தனைகளோடு மற்றவர்களுக்கு அனுமதி தருகிற உரிமம்) என்று போட்டிருக்கிறதே, எடுத்துக்கொள்ளலாமா என்று அடுத்த கேள்வி வரும். எந்த வகை என்று பாருங்கள். வணிகப் பயன்பாடு கூடாது என்று இருந்தால் டிக்கெட் விற்கிற படத்துக்கு ஆகாது. மாற்றம் செய்யக்கூடாது என்ற வகை இருக்கிறதே, அதைப் பலர் கவனிப்பதில்லை: இசையை நீங்கள் வெட்டவே இல்லை என்றாலும், ஓடுகிற படத்தோடு நேரம் பொருத்திச் சேர்த்தாலே அந்த உரிமத்தின் கணக்கில் அது மாற்றம்தான். ஆக அதுவும் ஆகாது. பெயர் போட்டால் போதும் என்ற வகை மட்டுமே நிம்மதி.

பழைய பாட்டு, உரிமை முடிந்திருக்கும் என்ற நம்பிக்கை இன்னும் ஆபத்து. ஒரு பாட்டில் இரண்டு உரிமை இருக்கிறது: மெட்டும் வரியும் ஒன்று, அதைப் பாடிப் பதிவு செய்த ஒலி இன்னொன்று. நீனா பேலி என்ற அமெரிக்கப் பெண் 2008இல் ‘சீதா சிங்ஸ் த ப்ளூஸ்’ என்று ராமாயணத்தை வைத்து ஒரு அனிமேஷன் படத்தைக் கிட்டத்தட்டத் தனி ஆளாகச் செய்தார். ஆனெட் ஹான்ஷா 1920களில் பாடிய பாட்டுகள் படம் முழுக்க. பதிவுகளுக்குத் தடை இல்லை, மெட்டுகளுக்கு இருந்தது. கடைசியில் 50,000 டாலர் கடன் வாங்கி உரிமைச் சிக்கலைத் தீர்த்தார். சார்லஸ் பர்னெட்டின் ‘கில்லர் ஆஃப் ஷீப்’ இன்னும் பெரிய பாடம். கல்லூரி மாணவராக இருந்தபோது 10,000 டாலருக்கும் குறைவாகச் செலவழித்து எடுத்த படம், 1970களின் கடைசியில் முடிந்தது. பாட்டு உரிமை வாங்காததால் ஒழுங்கான வெளியீடே இல்லாமல் கிடந்து, 1,50,000 டாலர் கொடுத்து உரிமை வாங்கிய பிறகு 2007இல்தான் தியேட்டருக்கு வந்தது. படம் எடுத்ததைப் போலப் பதினைந்து மடங்குக்கும் மேல், பாட்டுக்கு.

நம் ஊரில் இதே பள்ளம் பாரதியார் பாட்டில் இருக்கிறது. 1921இல் மறைந்தவர், வரிகள் எல்லோருக்கும் சொந்தம், சந்தேகமே இல்லை. ஆனால் நமக்கு மனப்பாடமாக இருக்கிற மெட்டு பெரும்பாலும் பின்னால் வந்த ஒருவர் போட்டது. இந்தியாவில் இசையமைத்தவர் மறைந்து 60 ஆண்டு வரை மெட்டுக்கு உரிமை உண்டு. வரியை எடுத்துக்கொள்ளுங்கள், மெட்டைப் புதிதாகப் போடுங்கள். தியாகராஜர் 1847இல் மறைந்தவர், கீர்த்தனை உங்களுடையது. ஆனால் கேசட்டில் ஒரு வித்வான் பாடியது உங்களுடையது இல்லை.

லேப்டாப் ஆசாமி

இப்போது பெரும்பாலான சின்னப் படங்கள் இந்த வழியில்தான் முடிகின்றன. நானும் இப்படித்தான் பிழைத்தேன், குறை சொல்ல மனம் வரவில்லை. ரீப்பர் மாதிரி இசைப்பதிவு மென்பொருளின் சின்ன உரிமம் 60 டாலர். இலவசமாகக் கிடைக்கிற சாம்பிள்களே (நிஜ வாத்தியங்களை முன்பே பதிவு செய்து வைத்த ஒலிகள்) காதுக்கு நன்றாக இருக்கின்றன. ஒரு மிடி கீபோர்டு, ஒரு நல்ல ஹெட்ஃபோன், ஒரு மூடிய அறை.

இந்த வழியின் தாத்தா என்று ஜான் கார்ப்பெண்டரைச் சொல்லலாம். 1978இல் ‘ஹாலோவீன்’ படத்துக்கு அவரே இயக்குநர், அவரே இசை. இசை போடாத பிரதியை ஒரு ஸ்டூடியோ அதிகாரிக்குப் போட்டுக் காட்டினார். அந்த அம்மாளுக்குப் பயமே வரவில்லையாம். இசையால்தான் இதைக் காப்பாற்ற வேண்டும் என்று உட்கார்ந்தார். சின்ன வயதில் அப்பா பாங்கோவில் சொல்லிக்கொடுத்த ஐந்து எண்ணிக்கைத் தாளம் — நம் கணக்கில் கண்டம் — அதைப் பியானோவில் போட்டார், அடியில் சிந்தசைசர். அவர் வயலின் கூட்டத்தைப் போலி செய்ய முயலவில்லை என்பதைக் கவனியுங்கள். சிந்தசைசர் சிந்தசைசராகவே ஒலித்தது. சாம்பிள் இசை எங்கே தோற்கிறது என்று யோசித்தால், தான் இல்லாத ஒன்றாக நடிக்கும்போதுதான்.

எதை எல்லாம் சாம்பிளில் ஓட்டலாம்? பியானோ, பேட் (பின்னால் மெத்தை போல நீளுகிற ஒலி), நீட்டிப் பிடிக்கிற ஸ்ட்ரிங்ஸ், விரலால் சுண்டுகிற ஸ்ட்ரிங்ஸ், தாழ்ந்த டிரம்ஸ். இவை தியேட்டரில் கூடத் தாங்கும். எது தாங்காது? தனி வயலின், புல்லாங்குழல், வீணை, நாதஸ்வரம், மனிதக் குரல். கமகம் என்பது ஒரு ஸ்வரத்துக்கும் அடுத்த ஸ்வரத்துக்கும் நடுவில் நடக்கிற வேலை. சாம்பிள் என்பது ஸ்வரத்தை மட்டும் அடைத்துவைத்த டப்பா. பிட்ச் வீலைத் திருகித் திருகி ஒரு தோடி கொண்டுவர இரண்டு நாள் செலவழித்திருக்கிறேன். ஒரு வயலின்காரர் அரை மணியில் வாசித்துவிட்டுப் போயிருப்பார், அதுவும் ராகத்தோடு.

இன்னொரு கோளாறு, அளவு. பொத்தானை அழுத்தினால் நாற்பது பேர் வாசிப்பது போலக் கேட்கும். அந்தப் போதை லேசில் இறங்காது. திரையில் ஒரு அப்பாவும் மகளும் உப்பு வாரிக்கொண்டிருக்கிறார்கள், பின்னால் வியன்னா ஆர்க்கெஸ்ட்ராவே எழுந்து நிற்கிறது. படம் சின்னது என்று காட்டிக்கொடுப்பது அந்தப் பெரிய இசைதான்.

ஏஐயையும் இங்கேயே முடித்துவிடுகிறேன். கேட்டால் தரும், கேட்கவும் பரவாயில்லை. ஆனால் 2024 ஜூனில் பெரிய இசை நிறுவனங்கள் சுனோ, யூடியோ என்ற இரண்டு ஏஐ இசைத் தளங்களின் மேலும் உரிமை மீறல் வழக்குப் போட்டன. மனிதக் கை படாமல் இயந்திரம் மட்டும் உருவாக்கியதற்குக் காப்புரிமை இல்லை என்பது அமெரிக்கக் காப்புரிமை அலுவலகத்தின் நிலை. அதாவது உங்கள் படத்தின் தீம் உங்களுடையது என்று நாளைக்கு நீங்கள் சொல்லிக்கொள்ள முடியாமல் போகலாம். படத்தை வாங்குகிறவர் உரிமைச் சங்கிலியை, அதாவது உரிமை யாரிடமிருந்து யாருக்கு வந்தது என்பதற்கான பத்திரங்களை, கேட்பார். டெம்ப் டிராக்குக்கு வேண்டுமானால் வைத்துக்கொள்ளுங்கள். மைத்துனருக்கும் இதையே சொல்லச் சொன்னேன்.

ஆட்களை உட்காரவைத்து வாசிப்பது

நேரடி வாசிப்பு என்றதும் பெரிய ஆர்க்கெஸ்ட்ரா கண்ணுக்கு வருகிறது. ‘ஹே ராம்’ படத்துக்கு இளையராஜா புடாபெஸ்ட்டில் போய்ப் பதிவு செய்தார், 2000இல் வந்த படம், அது வேறு உலகம். இப்போது புடாபெஸ்ட்டிலும் ப்ராகிலும் வடக்கு மாசிடோனியாவின் ஸ்கோப்யேவிலும் மணிக்கணக்கில் ஆர்க்கெஸ்ட்ரா வாடகைக்குக் கிடைக்கிறது, சென்னையில் உட்கார்ந்தபடியே நெட் வழியாகக் கேட்டுத் திருத்தம் சொல்லலாம். ஆனால் ஒவ்வொரு வாத்தியத்துக்கும் நோட்ஸ் எழுதி அச்சடித்துத் தர ஒரு ஆள் வேண்டும், அங்கே பிழை வந்தால் மீட்டர் ஓடும். சின்னப் படத்துக்கு இது பேச்சுக்கு நல்லது.

நான் சொல்வது இரண்டு பேர், மூன்று பேர். ‘பதேர் பாஞ்சாலி’க்கு ரவிசங்கர் இசையைச் சுமார் 11 மணி நேரத்தில் ஒரே அமர்வில் பதிவு செய்து முடித்தார். அவருக்கு வேறு வேலை இருந்தது, சத்யஜித் ராயிடம் பணம் இல்லை. சில இடங்களுக்கு இசை போதாமல் போனபோது, ஒளிப்பதிவாளர் சுப்ரத மித்ராவே சிதார் எடுத்து வாசித்தார். உலகம் கொண்டாடுகிற இசை அது. அதில் கூட்டம் இல்லை, ஒரு சிதாரும் ஒரு குழலும் தனியாக நிற்கிற இடங்கள்தான் மனதில் நிற்கின்றன.

சென்னையில் வாசிப்பவர்களுக்குக் கால்ஷீட் கணக்கில் சம்பளம். நோட்ஸ் தயாராக இருந்து, கிளிக் டிராக்கும் (வாசிப்பவர் காதில் தாளம் காட்டுகிற ‘டிக் டிக்’ ஒலி) சரியாக இருந்தால், ஒரு தனி வயலின்காரரிடம் ஒரு கால்ஷீட்டில் பத்துப் பன்னிரண்டு நிமிட இசையை நான் வாங்கியிருக்கிறேன். தயாராக இல்லாமல் “ஏதாவது வாசிங்க சார், பாத்துக்கலாம்” என்று உட்காரவைத்தால் மூன்று நிமிடம் தேறாது. அப்புறம் அந்த ஒற்றை வயலினைச் சாம்பிள் ஸ்ட்ரிங்ஸின் தலையில் உட்காரவைத்தால், கீழே இருக்கிற நாற்பது போலி வயலினும் உயிர் வந்தது போலத் தோன்றும். காது மேலே இருக்கிற கோட்டைத்தான் பிடிக்கும். இது பழைய தந்திரம். எல்லோரும் செய்வார்கள், யாரும் சொல்ல மாட்டார்கள்.

நாட்டார் வாத்தியம் என்றால் கணக்கே வேறு. நாதஸ்வரத்தின் சுதி அந்த வாத்தியத்தோடு பிறந்தது. இரண்டு, இரண்டரைக் கட்டை என்று வரும், உங்கள் கீபோர்டுக்காக அது இறங்காது. கீபோர்டுதான் அதனிடம் போக வேண்டும். ஆகவே முதலில் அவரிடம் சுதியைக் கேட்டுவிட்டு மெட்டுப் போடுங்கள். பறையைத் தீயில் காய்ச்சித்தான் இழுத்துப் பிடிக்க வைப்பார்கள். ஏசி போட்ட ஸ்டூடியோவில் அரை மணியில் தொங்கிவிடும். இரண்டுமே சின்ன வாய்ஸ் பூத்துக்குள் அடங்காத சத்தம். ஊரிலேயே, ஆள் இல்லாத கல்யாண மண்டபத்திலோ பள்ளி மைதானத்திலோ இரண்டு மைக் வைத்து எடுப்பது மேல்.

தம்பியின் படத்துக்கு இங்கேதான் கதவு திறந்தது. அந்தப் பக்கம் வில்லுப்பாட்டு ஊர். படத்தில் சின்ன வேடத்தில் நடித்த பெரியவர் ஒருவர் உடுக்கை அடிப்பவர், அவர் குழுவில் குடம் அடிப்பவரும் இருக்கிறார் என்று பேச்சுவாக்கில் தம்பி சொன்னார். குடத்தின் அந்த அடிவயிற்றுச் சத்தமும் உப்பளத்து மோட்டாரின் ‘தக் தக்’கும் ஒன்றோடொன்று பேசும் என்று எனக்கு உடனே பட்டது. “அண்ணே, அவங்க கோயில் கொடைக்கு வாசிக்கிறவங்க, இது சரியா வருமா?” என்றார். பாட்டு வேண்டாம், குடமும் உடுக்கையும் வில்லில் அடிக்கிற வீசுகோலும் மட்டும், ஒரு நாள், நல்ல சம்பளம், டைட்டிலில் பெயர். சரியாக வரும்.

பணம் பேசுகிற விதம்

வழியைத் தேர்ந்தெடுப்பதை விட இது முக்கியம் என்று சில நாள் தோன்றும். சின்னப் படங்களில் “பேக்கேஜ்” என்று ஒரு தொகை பேசிவிடுகிறார்கள். இசையமைப்பாளர் சம்பளம், வாசிப்பவர்கள், ஸ்டூடியோ எல்லாம் அதற்குள். தயாரிப்பாளருக்கு நிம்மதி. ஆனால் இசையமைப்பாளர் ஒரு வயலின்காரரைக் கூப்பிட்டால் அந்தக் காசு அவர் பாக்கெட்டிலிருந்து போகிறது. வீட்டு வாடகைத் தேதி நெருங்கும்போது வயலின் சாம்பிள் அருமையாகத்தான் கேட்கும். எனக்கும் கேட்டிருக்கிறது. ஆகவே சம்பளம் தனி, வாசிப்பவர்களுக்கு இவ்வளவு என்று தனி. பின்னது மிஞ்சினால் தயாரிப்பாளருக்குத் திரும்பும் என்று எழுதிக்கொள்ளுங்கள். மொத்தத் தொகை அதேதான், இசை வேறாக வரும்.

எழுதிக்கொள்ளுங்கள் என்பதை நிஜமாகவே சொல்கிறேன். இந்தியக் காப்புரிமைச் சட்டப்படி, உரிமையை எழுதிக்கொடுக்கும் பத்திரத்தில் காலம் குறிப்பிடவில்லை என்றால் ஐந்து ஆண்டு என்றுதான் எடுத்துக்கொள்வார்கள். எந்த நாடுகளுக்கு என்று குறிப்பிடவில்லை என்றால் இந்தியா மட்டும். வெளிநாட்டு விழாவுக்கு அனுப்புகிற படத்துக்கு வாட்ஸ்அப்பில் “ஓகே சார் டன்” என்பது ஒப்பந்தம் ஆகாது. 2012 திருத்தத்துக்குப் பிறகு, தியேட்டரில் படத்தோடு ஓடுவது தவிர மற்ற பயன்பாடுகளில் இசையமைப்பாளருக்கும் பாடலாசிரியருக்கும் வரவேண்டிய ராயல்டிப் பங்கை அவர்களே நினைத்தாலும் தயாரிப்பாளருக்கு விட்டுக்கொடுக்க முடியாது. அதைப் பறிக்கிற வரியைப் பத்திரத்தில் சேர்த்து சண்டை போட வேண்டாம், செல்லாது. குடம் அடிக்கிற பெரியவரிடமும் ஒரு பக்கக் கடிதம், அவருக்குப் புரிகிற தமிழில் எழுதி, படித்துக்காட்டி வாங்குங்கள்.

தொழில்நுட்பத்தில் ஒன்று மட்டும், என் சொந்தத் தப்பு என்பதால். எடிட்டர் அனுப்பிய ரெஃபரன்ஸ் காணொளி விநாடிக்கு 23.976 ஃபிரேமில் இருந்தது, படம் முடிவாகப் போனது 24இல். நான் பார்க்கவில்லை. வித்தியாசம் ஆயிரத்தில் ஒன்றுதான். நான்கு நிமிட இசைத் துண்டில் கால் விநாடி. கதவு சாத்துகிற இடத்தில் விழவேண்டிய அடி, சாத்திய பிறகு விழுந்தது. மிக்ஸிங் அறையில் எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். முதல் நாளே எடிட்டரிடம் ஃபிரேம் ரேட்டை எழுதி வாங்குங்கள். இசையை 48 கிலோஹெர்ட்ஸில் கொடுங்கள். ஒரே ஸ்டீரியோவாகக் கொடுக்காமல் தாளம், ஸ்ட்ரிங்ஸ், தனி வாத்தியம் என்று ஸ்டெம்களாகப் பிரித்துக் கொடுங்கள். பேச்சோடு மோதுகிற வயலினை மட்டும் மிக்ஸர் இறக்கிக்கொள்வார். இல்லையென்றால் மொத்த இசையையும் இறக்குவார், தியேட்டரில் உங்கள் அம்மாவுக்குக் கூடக் கேட்காது.

தம்பி கடைசியில் எடுத்த முடிவு இது. 23 நிமிடம் இன்னும் குறைந்து 19. அதில் ஏழு நிமிடம் குடம், உடுக்கை, வீசுகோல். ஊரிலேயே ஒரு நாளில் எடுத்தாயிற்று. ஐந்து நிமிடம் தனி வயலின், ஒரு கால்ஷீட். மீதிக்கு லேப்டாப்பில் பேடும் தாழ்ந்த ஸ்ட்ரிங்ஸும், சத்தம் போடாமல். இசையமைப்பது நான் இல்லை. எனக்குத் தெரிந்த ஒரு பெண், இரண்டு குறும்படம் செய்தவர், நிமிடத்தைக் குறை என்றால் முகம் சுளிக்காதவர்.

கடைசிக் காட்சியில் மட்டும் சண்டை. மகள் பஸ் ஏறுகிறாள், அப்பா பாத்தி ஓரத்தில் நிற்கிறார். அங்கே வயலின் வேண்டும் என்கிறார் தம்பி. மோட்டார் சத்தம் நிற்கட்டும், அது போதும் என்று நானும் அந்தப் பெண்ணும். இரண்டு விதமாகவும் மிக்ஸ் எடுத்து வைத்திருக்கிறோம். வியாழக்கிழமை சவுண்ட் இன்ஜினியரின் அம்மா ஊரிலிருந்து வருகிறார். எதையும் சொல்லாமல் இரண்டையும் அவருக்குப் போட்டுக் காட்டுவதாகத் திட்டம்.